அறை ஓசை

"ஒரு நிமிஷம். ஒருத்தரும் அசையாதேங்கோ."

காற்றாடியை நிறுத்தியாயிற்று.
பிரிட்ஜின் பிளக்கைக் கழற்றி
என் ஓட்டோத் திறப்பை உள்ளே
மீன் தட்டுக்கு மேல் வைத்தாயிற்று.
(திறப்பில்லாமல் வீட்டுக்குப் போக ஏலாது,
ஆகையால் பிளக்கை மறக்கவும் ஏலாது.
ஜொவிற்றா பழக்கினது.)

வெள்ளவத்தை, கடல் பக்க ஒழுங்கை,
மூன்றாம் மாடி. ஒரு நாள் வாடகை வீடு.
ஆறு மணிக்குக் கமராவைத் திருப்பிக் கொடுக்க வேண்டும்.
அவளோ
ஒன்றுமில்லாததைப் பதிவுசெய்ய நிற்கிறாள்.

முதல் தடவை பாண்காரனின் ஓட்டோ, அந்த ஒரே மெட்டோடு.
இரண்டாம் தடவை காகம்.
மூன்றாம் தடவை யன்னல் கண்ணாடி மெல்ல நடுங்க
"பாணந்துறை றெயில்" என்றாள், "வரட்டும், போகட்டும்."
றெயில் வர இன்னும் அரை நிமிஷம் இருந்தது.

பன்னிரண்டு வருஷம்
அடுத்தவர்களின் படத்தில்
அடுத்தவர்களின் சட்டைக்குள் மைக் குத்தினவள்.
ஒருவன் பொய் சொல்ல முதல்
எச்சில் விழுங்குவது
அவள் காதுக்கு மட்டும் கேட்டது.
ஒலிக்காரியிடம் யார் அபிப்பிராயம் கேட்பார்?

இது அவளுடைய படம்.
கமரா வாடகைக்குத் தன் நல்ல மைக்கை விற்றாள்.
என் கையில் இருப்பது இரவல்.

டேக் ஓடும்போது மொனிட்டரைப் பார்க்கமாட்டாள்.
சப்பாத்தைக் கழற்றிவிட்டு
ஹெட்போனுக்குள் கண்ணை மூடித் தரையில் இருப்பாள்.
"தங்கச்சி நித்திரையோ?" என்று
முதல் நாள் சிவபாதம் அண்ணை என்னிடம் கேட்டார்.
வங்கியில் பென்ஷன் எடுத்த மனிசன்,
நடிப்பது இதுதான் முதல்.
"நீ போ. நான் சமாளிப்பன்."
இந்த ஒரு வசனத்தை இன்றைக்கு ஒன்பது தரம் சொன்னார்.
ஒன்பதாவதில் கண் திறந்தாள்.
"அக்கா, முகம் ஃபோகஸ் இல்லை" என்றான் கமரா ரிஸ்மி.
"தெரியும்.
சமாளிப்பனுக்கு முதல் மூச்சு ஒண்டு தடக்கினது, கேட்டியா?"
ரிஸ்மிக்குக் கேட்கவில்லை.
எனக்குக் கேட்டது.
சொன்னால் அவனுக்குக் கோபம் வரும், பேசாமல் நின்றேன்.

நாலாம் தடவை.
பூம் கம்பு தோளைத் தின்கிறது.
அண்ணையின் கை மணிக்கூடு.
யாரோ ஒருவர் வயிறு. அது என்னுடையது.
பக்கத்து வீட்டுத் தண்ணிப் பைப் இருமி அடங்குகிறது.
அதற்குக் கீழே கடல்,
கடலுக்கும் கீழே
பேர் தெரியாத ஒன்று,
ஆறு பேர் ஓர் அறையில் பேசாமல் இருக்கும் சத்தம்.
வெறும் அறைக்கு இது வராது.

"கட்."

ஒருவரும் அசையவில்லை.
பிறகு எல்லாம் ஒரேயடியாக, கதிரை, பெட்டி, கேபிள்,
ரிஸ்மியின் போன்.
பிளக்கைக் குத்தினேன். திறப்பை எடுத்தேன்.
உள்ளங்கையில் குளிர், மீன் மணம்.
முதுகுக்குப் பின்னால் பிரிட்ஜ் ஒருதரம் உதறி
முனகத் தொடங்கியது.

படியில் பாதி இறங்கிவிட்டவள்
திரும்பி ஏறி வந்தாள், சப்பாத்து கையில்.
"நில். இதையும் எடு."

எந்தக் காட்சிக்கு என்று நான் கேட்கவில்லை.
மணி ஐந்து ஐம்பது.