தசமபாகம்

எனிட் ஸ்கெல்டனின் கணக்குப் பெட்டி
இப்போது என் கராஜில் இருக்கிறது,
புல்வெட்டும் இயந்திரத்துக்குப் பக்கத்தில்.
பதினெட்டு வருடம் அவளுக்குக் கணக்கு எழுதினேன்.
வேறு யாரும் கேட்கவில்லை, எடுத்து வந்தேன்.

ஐம்பத்தாறில், ஹல் துறைமுகத்துக்காரி,
ஓர் ஆங்கில நாடகக் குழுவோடு கப்பலில் வந்தாள்.
நடிக்க அல்ல.
திரையோரம் முக்காலியில் இருந்து
மறந்தவர்களுக்கு அடுத்த சொல்லை எடுத்துக் கொடுக்க.
பல்லராட்டில் ஒரு வியாழக்கிழமை
இரண்டாம் அங்கம் நடக்கும்போதே
முதலாளி வசூலோடு ரயிலேறிவிட்டான்.
மேடையில் பதினொரு பேர்,
ஊர் திரும்பக் காசில்லாத பிரபுக்களும் சீமாட்டிகளும்.
எனிட் அரச உடைகளை விற்றாள்.
ஒருவனைப் பிஸ்கட் விளம்பரத்துக்கு அனுப்பினாள்,
ஒருத்தியை மெல்பேர்ன் வானொலிக்கு,
பருத்த பெர்சியைத் துணிக்கடைக்கு, கிறிஸ்மஸ் தாத்தாவாக.
சம்பளத்தில் பத்தில் ஒன்று எனக்கு என்றாள்.
அந்தப் பத்தில் ஒன்றுகள் கூடி
ஓர் அறைக்கு வாடகை ஆனபோதுதான்
தான் ஏஜென்ட் என்று அவளுக்கே தெரிந்தது.

ஃபிளிண்டர்ஸ் லேன். கீழே பொத்தான் கடை.
மேலே அவள், இரண்டு டெலிபோன்,
ஆளுக்கொரு அட்டை:
உயரம், சப்பாத்து அளவு,
குதிரை ஏறுவான்,
கேட்டால் அழுவான்,
காலையில் குடிப்பதில்லை.

தயாரிப்பாளரோடு பேசும்போது
மீன் ஏலத்தில் நிற்கும் குரல்.
வேலை கிடைக்காதவனோடு பேசும்போதும் அதே குரல்தான்.
"உனக்கில்லை. வெள்ளிக்கிழமை கூப்பிடு."
இரக்கமில்லாதவள் என்றார்கள்.
நான் அப்படி நினைக்கவில்லை. இருந்தும் இருக்கலாம்.
கிளைவ் என்றொருவனை, பன்னிரண்டு வருட ஆளை,
முதற்காட்சி இரவே கடிதம் போட்டு நீக்கினாள்.
அந்தத் தபால் செலவை நான்தான் பதிந்தேன்.

எந்த நாடகத்துக்கும் மூன்றாம் வரிசை.
விளக்கணைந்தால் அவள் உதடு அசையும்,
மேடைக்கு அரைச் சொல் முன்னால்.
பக்கத்தில் இருந்த நான் இரண்டு நாடகம் பார்த்தேன்.
உதட்டில் நடந்ததில் ஒருவரும் தடுமாறவில்லை.

ஒருமுறை டிவி தொடருக்கு இந்திய டாக்டர் வேண்டுமாம்,
ஒற்றை வரி. அட்டைகளைப் புரட்டினாள்.
பிறகு கண்ணாடிக்கு மேலால் என்னைப் பார்த்தாள்.
"நேசன், எழும்பி நில்."
நான் யாழ்ப்பாணம் என்றேன்.
"அவர்களுக்குத் தெரியாது. காசோலைக்கும் தெரியாது."
இருபத்தாறு தடவை எடுத்தார்கள்.
"நாடி சரியாக இருக்கிறது" என்பதை
எந்த மனிதனும் அத்தனை பிழையாய்ச் சொன்னதில்லை.
வெட்டிவிட்டார்கள். நாடி பிடித்த என் கை மட்டும் மிஞ்சியது.
கைக்கும் கமிஷன் பிடித்தாள்.
அந்தப் பற்றுச்சீட்டை எனக்கு நானே எழுதினேன்.

மானிப்பாயில் அப்பா சபைக்குத் தசமபாகம் கொடுப்பார்,
வாழைக்குலையில்கூட எண்ணிப் பார்த்து.
அதை எனிட்டுக்குச் சொன்னேன்.
"உன் கடவுள் வேலை எடுத்துத் தருவாரா?" என்றாள்.
கிண்டல் இல்லை. தெரிந்துகொள்ளக் கேட்டாள்.

ஸ்பிரிங்வேல் தகனச்சாலை, ஆகஸ்ட் மழை.
எழுபது பேர், எல்லோரும் நடிகர்கள்.
ஒருவர் அழுகையை ஒருவர் ஓரக்கண்ணால் அளந்தார்கள்.
பாதிரியார் நடுவில் வரியை மறந்தார்.
காகிதத்தைப் புரட்டினார். இருமினார்.
எழுபது தலைகளும், என்னுடையதும்,
தம்மையறியாமல் மூன்றாம் வரிசைக்குத் திரும்பின.
அங்கே யாரோ விட்ட குடை சொட்டிக்கொண்டிருந்தது.

நேற்று ஒரு காசோலை வந்தது.
ஏதோ ஒரு நாட்டில், நள்ளிரவு மறு ஒளிபரப்பில்,
என் கை மறுபடி யாருக்கோ நாடி பார்த்திருக்கிறது.
நாலு டாலர் எழுபது சதம்.
நாற்பத்தேழு சதம் அவளுடையது.
இரண்டு சதக் காசு இந்த நாட்டில் இப்போது இல்லை.
ஐம்பதாய்ப் பெட்டிக்குள் போட்டேன்.
பேரேட்டைத் திறந்து,
எனிட் ஸ்கெல்டன் எனக்குத் தரவேண்டியது
மூன்று சதம் என்று எழுதிவைத்தேன்.