ஆரியங்காவுச் சாவடி

செங்கோட்டை வண்டியை மழையில் நிறுத்திவிட்டார்கள்.
கஞ்சா தேடுகிறார்களாம்.

லீவு முடிந்து போகிறேன்.
பையில் அதிரசம், பருப்புப்பொடி,
ஹார்லிக்ஸ் பாட்டிலில் நார்த்தங்காய் ஊறுகாய்.
எக்சைஸ்காரி மூடியைத் திருகி
மோந்து பார்த்தாள்.
பையின் உள்தையலில் அவள் விரல் ஓடியபோதே தெரிந்தது
பழகின கை.
நானும் அங்கேதான் முதலில் தொடுவேன்.

“இது எந்தா?”
அடியில் மடித்த சீருடை.
எம். புடாதி என்று பெயர்ப்பட்டை.
முப்புடாதி என்று முழுசாய் எழுத
அந்த ஊர்க்காரனுக்கு வாய்க்கவில்லை.

“அய்யோ, சாரி மேடம்”
ஜிப்பை இழுத்தாள்.
வேண்டாம், முழுக்கப் பாருங்க என்றேன்.
ஏன் சொன்னேன்?

குப்வாரா போகும் பாதையில், போன மார்கழி,
ஒருத்தியைக் கொண்டை அவிழ்க்கச் சொன்னேன்.
அவிழ்த்தாள்.
முடிதான் இருந்தது, நிறைய.
ஊசிகளைப் பல்லில் கடித்தபடி
என் தலைக்கு மேலே மலையைப் பார்த்துக்கொண்டே
திரும்ப முடிந்தாள்.
சொல்ல இந்தியில் ஒரு வார்த்தை தெரியும் எனக்கு.
வரிசை நீளம்.
அடுத்து, என்றேன்.

இங்கே மலைக்குப் பனி இல்லை, ரப்பர்தான்.
அதையே பார்த்து நின்றேன்
அவள் தேடி முடிக்கும்வரை.

“என்ன எடுத்தாங்க?” பக்கத்து சீட்டுக்காரர்.
ஒன்னுமில்ல.

மூடியைத்தான் சரியாய்த் திருகவில்லை.
புனலூர் தாண்டுவதற்குள் எண்ணெய் கசிந்து
சட்டையின் ஒரு கை முழுக்க
நார்த்தங்காய் வாசம்.
நாளன்றைக்கு அதைத்தான் போட வேண்டும்.