அடிமட்டம்

சல்லியில் பிடித்த வலையை
நீதிமன்ற விறாந்தையில் விரித்தார்கள்.
கச்சான் காற்று. காய்ந்த சூடைச் செதில்கள்
கோப்புகளில் வந்து ஒட்டின.
பரிசோதகர் ஓர் அடிமட்டம் எடுத்தார்.
மரத்தாலானது, பின்புறத்தில்
யாரோ ஒரு பிள்ளை பேனையால் கீறிய பூ.
வலையின் ஒரு கண்ணை இழுத்துப் பிடித்து அளந்து
இரண்டு மில்லிமீற்றர் குறைவு என்றார் சிங்களத்தில்.
குறைவு என்றேன் நான்.

அதுதான் என் உத்தியோகம்.
அங்கிருந்து வருவதை இங்கே,
இங்கிருந்து போவதை அங்கே,
கூட்டாமல் குறைக்காமல் கொடுப்பது.
கிண்ணியாப் பாலம் வருமுன்பு
பாதையில் ஏறி வேலைக்கு வந்த காலந்தொட்டு
மன்றில் ஒரு சொல் சொந்தமாய்ச் சொன்னதில்லை.
இருமல் வந்தால்கூட வெளியே போய்த்தான் இருமுவேன்.

யோகமலர், வயது நாற்பத்தாறு.
வலை யாருடையது?
"என்ர."
பதிவு?
"பதியப் போனனான்.
படகில்லாத பொம்பிளை மீனவர் இல்லையெண்டு
விண்ணப்பத்தைத் திருப்பித் தந்தவை.
மண்ணெண்ணெய் மானியத்துக்கும் போனனான்.
அங்கையும் நான் மீனவர் இல்லை."
பிறகு, சற்றுத் தணிந்து,
"இண்டைக்குத்தான் அம்மா
என்னை மீனவர் எண்டு கூப்பிட்டிருக்கினம்."

குற்றப்பத்திரத்தில் இருந்த சொல் தீவரயா.
ஆண்பால், ஒருமை, மீசை வைத்த சொல்.
தமிழில் மீனவர் என்று வாசித்திருந்தேன்.
கடைசியில் நிற்கும் அந்த 'அர்'
ஆணுக்கும் பெண்ணுக்கும் சேர்த்தே பாய் விரிக்கும்.
என் மொழி அவளுக்கு இடம் கொடுத்தது,
தண்டப்பணம் கட்டுவதற்கு.

பக்கத்து வாங்கில் கொட்பே நிமல்சிரி.
அவனுக்கும் அதே குற்றம், அதே அடிமட்டம்,
அதே இரண்டு மில்லிமீற்றர்.
அவளுடைய தண்ணீர்ப் போத்தலை வாங்கி
அண்ணாந்து குடித்தான்.
அதற்கு என்னை யாரும் கூப்பிடவில்லை.

இரவில் உப்புவெளிக் கரையில் நின்றால்
கடலில் இன்னொரு ஊர் தெரியும், அவ்வளவு வெளிச்சம்.
விளக்குப் போட்டு மீனை அழைத்து
அடியோடு சுருக்கி அள்ளுகிற வலைகள்.
அவை இங்கே வருவதில்லை.
இந்த விறாந்தை அவற்றுக்குக் காணாது.

சட்டம் எல்லாருக்கும் ஒன்று என்றார் நீதவான்.
நல்ல மனுசி. சொல்லும்போது குரல் கொஞ்சம் இறங்கியது.
சொல்லைக் கொடுத்தேன்.
இறங்கியதையும் கொடுத்தேனா, தெரியாது.

மதிய இடைவேளை.
வலையும் அடிமட்டமும் தனியே கிடந்தன.
வளவுக்குள் ஒரு புள்ளிமான்,
அழைப்பாணை இல்லாமல் இங்கு நுழைகிற ஒரே பிராணி,
யாருடைய மனுவையோ மென்றுகொண்டு நின்றது.
குனிந்து அடிமட்டத்தை எடுத்தேன்.
பூச்சியம் மரத்தின் ஓரத்தில் இல்லை.
இரண்டு மில்லிமீற்றர் உள்ளே தள்ளி நின்றது முதற்கோடு.
மனிதர் ஓரத்திலிருந்து அளந்திருக்கிறார்.
வேண்டுமென்றல்ல. நானும் பள்ளிக்கூடத்தில்
அப்படி அளந்து கணக்கு வாத்தியாரிடம் அடி வாங்கியிருக்கிறேன்.
இவருக்கு அடிக்க ஆளில்லை.
எத்தனை வருஷம்? எத்தனை வலை?
அளக்கிற கோலுக்கும் அடிமட்டம் என்றுதான் பெயர்,
அடியில் கிடப்பவர்களுக்கும் அதுவேதான்.
இவ்வளவு காலம் இரண்டையும்
தனித்தனியாகவே மொழிபெயர்த்து வந்திருக்கிறேன்.

ஒன்றரைக்கு மன்று கூடியது.
யாரும் பேச முன்பு எழுந்தேன்.
"யாருடைய வாக்கைச் சொல்லப் போகிறீர்கள்?"
நீதவான் கேட்டார்.
யோகமலர் பார்த்தாள். பரிசோதகரும் பார்த்தார்.
கைக்குள் மரம் வியர்த்தது.
"என்னுடையது" என்றேன்.
எந்த மொழியில் சொன்னேனோ, நினைவில்லை.
பாதி மன்று நிமிர்ந்து உட்கார்ந்தது.
மறுபாதி, மொழிபெயர்ப்புக்காக,
என் முகத்தையே பார்த்துக் காத்திருந்தது.