ஃபிரேமுக்கு மேலே

மருதமுனை. கடலிலிருந்து மூன்றாவது வளவு.
பிளைவுட்டை ஊறிப்போன சுவராக்கத்
தேயிலைச் சாயம், களிமண், கொஞ்சம் பசை.
நின்றுபோன மணிக்கூடு வேண்டாமென்று
காலையிலேயே இயக்குநரோடு சண்டை.
தண்ணீர்க் கறையை
இடுப்பளவில் இழுத்தேன்,
கமெராவுக்கு அந்த உயரம்தான் அழகு.

பிளேண்டி கொண்டுவந்த பக்கத்து வீட்டு ஜெசீமா
தட்டத்தை என் வாளிக்கு மேல் வைத்துவிட்டு
செட்டுக்குள் போய்
சுவரோடு ஒட்டி நின்றா.
கையைத் தூக்கினா. போதவில்லை.
நுனிக்காலில் எழும்பினா.
"இஞ்ச."
மறுகா வெறுங்கோப்பைகளைப் பொறுக்கிக்கொண்டு
போய்விட்டா.

"அது ஃபிரேமில் வராதே"
என்கிறார் ஒளிப்பதிவாளர்.
வராதுதான்.

நிஹாத், அந்த ஏணியை எடு.
சாயம் இன்னும் அரைவாளி கிடக்கு.