மியாவ் அன் என்று ஏழு பேர்

ஃபென் ஆற்றுக்கு மேற்கே எங்கள் மாவட்ட ஆவணக் காப்பகம்.
தை பிறந்தால் மை உறைந்துவிடும்.
நிலக்கரி அடுப்பின்மேல் மைக்கூட்டை வைத்துவிட்டு
பெயர் அட்டைகள் எழுதுகிறேன்.

என் பெயர் ஷுவே லான்.
கணக்குப் பிரிவிலும் ஒரு ஷுவே லான் உண்டு.
அவளைப் பெரியவள் என்பார்கள், என்னைச் சின்னவள்.
அவளைவிட எனக்கு இரண்டு வயது கூட.

மியாவ் என்றால் நாற்று.
அன் என்றால் அமைதி.
ஊர் எரிந்த ஆண்டிலெல்லாம் எவனோ ஒரு தகப்பன்
பிறந்த பிள்ளைக்கு இந்தப் பெயரை வைத்திருக்கிறான்.
எத்தனை அமைதிகள் என்று எண்ணினால்
எத்தனை போர்கள் என்று தெரிந்துவிடும்.

பழைய பதிவேட்டில் ஏழு பேர்.
முதலாமவன் சுங் காலத்துக் குதிரை மருத்துவன்.
அவனுக்கு ஒரே வரி: குதிரை உதைத்து இறந்தான்.
இரண்டு பேர் ஒரே முற்றுகையில்,
மதிலுக்கு உள்ளே ஒருவன், வெளியே ஒருவன்.
இருட்டில் எந்தத் தாயாவது கூப்பிட்டிருந்தால்
இருவரும் வில்லைத் தாழ்த்தியிருப்பார்கள்.
ஒருவன் துறவி. அவன் பெயரைத் துறந்தான்,
பெயர் அவனைத் துறக்கவில்லை.
தேர்வுக்குப் போகும் வழியில் வயிற்றுப்போக்கில் திரும்பியவன் ஒருவன்.
ஆறாமவன் கல்பாலம் கட்டினான்,
வான்லி ஆட்சியின் பதினான்காம் ஆண்டு.
ஏழாமவன் பஞ்சக் களஞ்சியத்தில் தினை திருடி விற்றான்,
அதே பதினான்காம் ஆண்டு.

செவ்வாய்க்கிழமை இரண்டு குடும்பங்கள் வந்தன.
லாரி வைத்திருக்கும் மியாவ் ஜியூஷெங்,
சிவப்புத் துணியில் வம்சாவளி சுற்றிவந்த
கணக்கு வாத்தியார் மியாவ் தாவ்ஜென்.
இரண்டு பேருக்கும் ஆறாமவன்தான் வேண்டும்.
மேசையைத் தட்டினார்கள். அடுப்பிலிருந்த மைக்கூடு கவிழ்ந்தது.
பாலம் கட்டியவன் பெயர் போனவன்.
திருடியவனும் பெயர் போனவன்தான்,
அவனைக் கேட்டுத்தான் ஆள் வரவில்லை.

அவர்கள் கத்தி முடிக்கட்டும் என்று பக்கம் புரட்டினேன்.
மனைவி: ஹௌ ஷி. தாய்: ஹௌ ஷி.
பாலத்துக்கு வெள்ளி வளையல் கொடுத்தவள்: ஹௌ ஷி.
ஷி என்றால் அந்த வீட்டுப் பெண், அவ்வளவுதான்.
ஏழு ஆண்களைப் பிரிக்க ஒரு குழு, தேநீர்ச் செலவு, முத்திரை.
நாற்பத்தொரு ஹௌ ஷிகளுக்கு அட்டையே கிடையாது.

அன் என்று எழுதிப் பாருங்கள்.
மேலே கூரை.
கீழே ஒரு பெண்.
ஏழு பேர் பெயருக்குள்ளும் அவள்தான் உட்கார்ந்திருக்கிறாள்.

வாத்தியார் கண்ணாடியைக் கழற்றிக் கேட்டார்:
ஆறாமவனும் ஏழாமவனும் வேறு வேறு ஆள்தானே?
அட்டைகள் வேறு, என்றேன்.

நான் சொல்லாதது ஒன்று.
பாலத்துக்குக் கல் வாங்கிய ரசீதிலும்
திருட்டை ஒப்புக்கொண்ட தாளிலும்
முத்திரையின் இடது மூலை ஒரே மாதிரி உடைந்திருக்கிறது.
திருட்டுத் தினையில் எழுந்த பாலமோ,
கல் சுமந்தவர்களுக்குக் கஞ்சி ஊற்றத்தான் திருடினானோ,
இல்லை, ஒரே கடையில் வாங்கிய
இரண்டு மட்டமான முத்திரைகளோ.

இரண்டு அட்டையையும் ஒரு குண்டூசியில் குத்தினேன்.
பிறகு பிடுங்கினேன்.
சின்னத் துளை மட்டும் இருக்கிறது இரண்டிலும்.

ஆறு மணிக்குப் பாலத்தின் வழியே சைக்கிள்.
கல்லில் பனி வழுக்கியது.
பின்னாலிருந்து யாரோ ஷுவே லான், ஷுவே லான் என்றார்கள்.
பெரியவளைக் கூப்பிடுகிறார்கள் என்று
மிதித்துக்கொண்டே போனேன்.