மழைக்கான செலவு

ஜுராசி தபோர்தா தயாரித்த படங்கள் பதினொன்று.
முடிந்தவை ஒன்பது.
ஓடியது ஒன்று, அதுவும்
தலைப்பைத் தப்பாகப் புரிந்துகொண்டு வந்தவர்களால்.
இதைச் சொல்ல எனக்கு உரிமை உண்டு:
ரசீதுகளை ஒட்டியவன் நான்.

சாவோ பாவ்லோவில் ரயில் நிலையத்துக்குப் பின்தெரு,
மதுக்கடைக்கு மேல்மாடி.
கடன்காரர்கள் கூப்பிடும் நேரத்தில்
தொலைபேசியை இழுப்பறையில் வைத்துப் பூட்டிவிடுவாள்.
உள்ளே அது முனகும்.
"பசிக்கிறது அதற்கு, விடு" என்பாள்.

முதல் படத்துக்குத் தையல் எந்திரத்தை விற்றாள்.
இரண்டாவதில் மீட்டாள்.
மூன்றாவதில் மறுபடி விற்றாள்.
நன்றி அட்டையில் அதன் பெயரைப் போட்டிருக்கலாம்.

எண்பத்து மூன்றில் வடகிழக்கே கரிரிக்குப் போனோம்.
ஐந்தாம் ஆண்டு வறட்சி.
கதையும் வறட்சிதான்.
"செட் செலவு மிச்சம்" என்று
லாரியில் கேமராப் பெட்டிமேல் உட்கார்ந்து சிரித்தவள்
ஊருக்குள் நுழைந்ததும் நிறுத்திக்கொண்டாள்.

தண்ணீர் லாரி ஓசெயாஸுடையது.
நடிகர்கள் நெற்றியில் வியர்வையாகத் தெளிக்க
நாள் வாடகைக்கு எடுத்திருந்தோம்.
குடத்தோடு நிற்கும் வரிசை, காட்சி பதினான்கு.
கட் என்று இயக்குநர் கத்தினார்.
வரிசை கலையவில்லை.
மறுபடியும் கத்தினார்.
ஜுராசி போய்க் குழாயைத் திறந்துவிட்டாள்.
அன்று நான் எழுதிய கணக்கு:
வியர்வை, மூன்று லாரி.

பத்தொன்பதாம் நாள் பிற்பகல்
மழை வந்தது.
இன்னும் ஏழு காட்சி பாக்கி, எல்லாம் வெடித்த மண்.
ஊரே தெருவில்.
ஒரு கிழவர் சட்டையைக் கழற்றி
மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு நனைந்தார்.
ஆடுகள் மட்டும் பயந்து கத்தின.
ஒளிப்பதிவாளர் கேமராவைத் தூக்கினான்,
காசில்லாமல் கிடைக்கிற மழை!
"மூடு" என்றாள்.
"நாம் வரச் சொன்னோமா இதை?"

பிறகு ஜீப்பில் ஏறிக் கதவைச் சாத்தி
என் பென்சிலை வாங்கி
சிகரெட் அட்டையில் நஷ்டத்தைக் கூட்டினாள்.
இரண்டு முறை கூட்டினாள்.
வாசலில் ஓசெயாஸ், தொப்பியைப் பிழிந்தபடி:
இனி அவன் தண்ணீருக்கும் ஆளில்லை.
அவனுக்கும் மாத வாடகை முழுதும் கொடுக்கச் சொன்னாள்.
இயக்குநர் அவளோடு பேச இரண்டு வருடமாயிற்று.

எட்டாவது படத்துக்கு
தீயணைப்பு நிலையத்திடம் மணிக்கணக்கில் மழை வாங்கினோம்.
"நேராக விழுகிறது" என்று பேரம் பேசினாள்.
"அசல் மழை கொஞ்சம் சாயும்."
தலைமை வீரர் பத்து சதவீதம் தள்ளினார்.

தொண்ணூறு மார்ச்சில் அரசு வங்கிக் கணக்குகளை முடக்கியது.
பதினொன்றாம் படம் பாதியில்.
அனுமதித்த தொகைக்கு வரிசையில் நின்றோம்,
எங்கள் பின்னால் ஒரு பல் மருத்துவர் அழுதார்.
ஜுராசி வரிசையின் நீளத்தைக் கண்ணால் அளந்தாள்.
"நல்ல கூட்டம்" என்றாள், "சாப்பாடு மட்டும் நம்மால் ஆகாது."

அலுவலகத்தைக் காலி செய்தபோது
கணக்குப் புத்தகங்கள் பழைய பேப்பருக்குப் போயின.
ஒரு தாளைக் கிழித்து வைத்திருக்கிறேன்.
மழை, கரிரி, பத்தொன்பதாம் நாள்.
தொகைக் கட்டத்தில் அவள் கையால் ஒரு கோடு.
அடுத்த வரியில்
முப்பத்திரண்டு பேருக்கு ரொட்டி, ஆட்டுக்கறி.