ஒரு செவிடு

பதினோராம் ஆண்டில் இரண்டு தரப்பும்
ஒரே காகிதத்தில் கையெழுத்துப் போட்டிருந்தார்கள்:
நாழியைச் சோதிக்க எடையளவு ஆய்வர் வரவேண்டும்.
ஆய்வர் நான். ஞானசிகாமணி, நாகர்கோவில் அலுவலகம்.
மந்திரம் தெரியாது. பையில்
மாதிரிக் குவளை, உளி, சுத்தியல்,
மதியத்துக்கு மரச்சீனியும் சாளையும்.

இடம் மாத்தூர் தொட்டிப்பாலம்.
மேலே கால்வாய், வெகு கீழே பரளியாறு,
நடுவில் இருப்பது யாருக்கும் பட்டா ஆகாத வெளி
என்பதால் அங்கே.

ஒரு முனையில் ஆரல்வாய்மொழிக் கணவாய்க்காரர்கள்,
காற்றை முகந்து விற்கிற கூட்டம்.
இலை அசையாத நேரத்திலும் அவர்கள் வேட்டி படபடக்கும்.
மறுமுனையில் மணவாளக்குறிச்சிக் கருமணல்காரர்கள்,
எதிலும் எடையை ஏற்றவும் இறக்கவும் தெரிந்தவர்கள்.
அவர்கள் நின்ற இடத்தில் சிமெண்ட் லேசாக அமுங்கியது.

நடுவே வாழையிலையில் அது.
பலாக்கட்டை, வாயில் பித்தளைப் பூண்,
அடியில் யாரோ நகத்தால் கீறிய பிறை.
இதில் முகந்தால் எதுவும் அளவுக்கு அடங்கும் என்றார்கள்.
கடல் அடங்கும். கோபம் அடங்கும்.
ஆடி மாதம் முழுசாக அடங்கும்.

போரை நான் பார்த்தது புகார் மனுக்களில்.
தோவாளையில் ஒரு கிலோ பிச்சிப்பூ
நாற்பது காட்டுகிறது என்று ஒன்று.
போய்ப் பார்த்தேன். தராசில் தப்பில்லை, பூதான் கனத்தது.
முப்பந்தலில் காற்றாலைகள்
மூன்று கையையும் விரித்துவிட்டன.
குளச்சலில் ஏழு வள்ளங்கள் பிற்பகலில் எழும்பி
தென்னந்தோப்புக்குள் விழுந்தன.
பிறகு மனுக்களில் பெயர்கள் வரத் தொடங்கின.
பூதப்பாண்டி பகவதியப்பன் மூச்சை வெளியே விட்டார்,
அது திரும்பி வரவில்லை;
மாரடைப்பு என்று எழுதிக் கொடுத்தார் டாக்டர்.
டெல்பினுக்க மகன் அருளாளன்
கட்டுமரத்தில் இருந்த இருப்பில்
முன்னூறு கிலோவாகி, மரத்தோடு இறங்கிப்போனான்.
அது அவர்கள் தரப்பே ஏவிய எடை. விலாசம் மாறியிருந்தது.

சண்டையின் ஆரம்பம் முதல் மனுவிலேயே இருக்கிறது:
தரவேண்டியதில் ஒரு செவிடு குறைத்தான் என்று இவன்,
குறைத்தது நீ என்று அவன்.
செவிடு என்றால் ஆழாக்கில் ஐந்தில் ஒன்று.
காதுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

நாழியில் தண்ணீர் நிரப்பிக் குவளையில் கவிழ்த்தேன்.
மறுபடியும். விதிப்படி மூன்றாம் முறையும்.
கணவாய்க்காரர்கள் மூச்சைப் பிடித்ததில்
ஆற்றுக்கு மேலே ஒரு பருந்து அப்படியே நின்றது.

"குறை" என்றேன்.
"எவ்வளவு சாரே?"
"ஒரு செவிடு."

யாரும் யாரையும் பார்க்கவில்லை.
கருமணல் தலைவி பாலத்தின் சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள்.
"அப்ப யாரும் எடுக்கல்லியா" என்றான்
எதிர்முனையில் ஒருவன், தன் கையிடம்.
குறையளவு பறிமுதல் என்பது சட்டம்.
பூணில் உளியால் பெருக்கல் குறி போட்டு
சோற்றுப் பாத்திரத்தோடு பையில் வைத்தேன்.
பருந்து நகர்ந்தது.

நாழி சரியாகத்தான் இருந்தது.
முகக்கும்போது கட்டைவிரலை உள்ளே விட்டிருந்தேன்.
கோட்டாற்றில் இருபது வருடமாக நான்
அபராதம் போடுகிற அதே வித்தை.
அந்த விரலில் அதற்குப் பிறகு நகம் வளரவில்லை.
மற்றபடி சுகம். பீரோவில் இருக்கிறது நாழி,
பதிவேட்டில் இருக்கிறது குறை,
முப்பந்தலில் இறக்கைகள் சுற்றுகின்றன.

போன திங்கள் டெல்பின் வந்தாள்.
மனு எதுவும் கொண்டுவரவில்லை.
"ஒரு செவிடுன்னா எவ்வளவு சாரே,
எனக்கு ஒருக்கா காட்டுங்க" என்று
மேசைமேல் உள்ளங்கையைக் குழித்து நீட்டினாள்.

குவளையிலிருந்து அளந்து ஊற்றினேன்,
இந்த முறை விரல் படாமல்.
கை நிறையவில்லை.
"இவ்வளவுதானா" என்று கேட்டாள்.
பிறகு அதைச் சிந்தாமல் பிடித்துக்கொண்டே
படியிறங்கிப் போனாள்.